கள்ளச் சாவியும் பிறர் அமானிதமும்



உம்ராப் பயணிகளுக்கு ஆவணங்கள் தயாரித்துக் கொடுக்கும் தம்பி ஒருவர், சென்ற மாதம் ஜும்ஆ முடிந்ததும் என்னிடம் வந்தார். "ஹஜரத், விண்டோஸைக் காசில்லாமல் திறந்து தரும் கருவி ஒன்றைக் கம்ப்யூட்டரில் போட்டிருக்கிறேன். கம்பெனியோ பெரும் பணக்காரக் கம்பெனி. இதில் குற்றமுண்டா?" என்று கேட்டார்.

பணக்காரனின் பொருள் என்பதால் நமக்கு ஹலாலாகி விடுமா? அந்தக் கருவி செய்வதைச் சற்று எண்ணிப் பாருங்கள். பெரிய நிறுவனங்கள் தம் கணினிகளுக்கு அனுமதி வழங்கும் சர்வர் ஒன்றைத் தம்மிடமே வைத்திருக்கும். ஒவ்வொரு கணினியும் 180 நாட்களுக்குள் அதனிடம் அனுமதியைப் புதுப்பித்தாக வேண்டும். கேஎம்எஸ் பிக்கோ போன்ற கருவிகளோ, 'நானே அந்தச் சர்வர்' என்று நம் கணினிக்குள்ளேயே அமர்ந்து பொய்யுரைக்கின்றன. நாம் தொழப் போயிருக்கும் வேளையிலும் நமக்காக ஒரு பொய்ச்சாட்சி வீட்டில் உட்கார்ந்திருக்கிறது!

கையால் தொட முடியாத உரிமை சொத்தாகுமா என்பதில் உலமாக்களிடையே கருத்து வேறுபாடு இருந்ததுண்டு. 1988 டிசம்பரில் குவைத்தில் கூடிய சர்வதேச இஸ்லாமிய ஃபிக்ஹுப் பேரவை, நூலாசிரியர் உரிமை, கண்டுபிடிப்பு உரிமை ஆகியவை ஷரீஅத் மதிக்கும் உரிமைகளே, அவற்றில் அத்துமீறக் கூடாது என்று தீர்மானித்தது. நிபந்தனைகளுக்கு 'ஒப்புக்கொள்கிறேன்' என்று அழுத்தியது நம் விரல்தானே?

இதைவிட என்னை அஞ்ச வைத்தது வேறொன்று. இத்தகைய கருவிகள் பெரும்பாலும் முதலில் கேட்பது, வைரஸ் தடுப்பை நிறுத்தி வைக்கும்படிதான். காவலாளியை அனுப்பிவிட்டுக் கதவைத் திறக்கச் சொல்கிறான்; நாமும் திறக்கிறோம். கேஎம்எஸ் பிக்கோ என்ற பெயரில் பரப்பப்பட்ட போலிகளுக்குள் கிரிப்ட்பாட் என்னும் திருட்டு நிரல் ஒளிந்திருந்ததை 2021 டிசம்பரில் வல்லுநர்கள் வெளிப்படுத்தினார்கள். பிரவுசரில் சேமித்த கடவுச்சொற்களை அள்ளிச் செல்வது அதன் வேலை.

"தம்பி, உங்கள் கணினியில் எத்தனை பேருடைய பாஸ்போர்ட் நகல் இருக்கிறது?" என்று கேட்டேன். அவர் முகம் வாடிவிட்டது.

"கருவியை நீக்கிவிட்டால் போதுமா, ஹஜரத்?"

போதாது. வட்டை முழுவதும் அழித்து, உரிமம் வாங்கியோ, ஆக்கியவர்களே இலவசமாக வழங்கும் லினக்ஸ், லிப்ரே ஆபீஸ் போன்றவற்றைக் கொண்டோ புதிதாகத் தொடங்க வேண்டும். கடவுச்சொற்களை வேறு கணினியிலிருந்து மாற்ற வேண்டும். அல்லாஹ்விடம் தவ்பாச் செய்யலாம். அடியார்களின் ஹக்கு அவர்களிடமே தீர வேண்டியது. ஆகவே பாஸ்போர்ட் தந்தவர்களிடம் நடந்ததைச் சொல்லிவிடுங்கள் என்றேன்.

"அவர்கள் இனி என்னிடம் வரமாட்டார்களே!"

வராமலும் போகலாம், சொல்லத்தான் வேண்டும் என்றேன்.