யாரோடு போகணும்?

‘ஆட்கொணர்வு மனு’ கேள்விப்பட்டிருப்பீர்கள். லத்தீனில் ஹேபியஸ் கார்பஸ். ‘உடலைக் கொண்டுவந்து நிறுத்து’ என்று அர்த்தம். போலீஸ் யாரையாவது பிடித்துப் போய் மறைத்துவைத்தால் போடுவது என்றுதான் நமக்குத் தெரியும். பூட்டிவைத்தது பெற்ற அப்பா, அம்மா என்றாலும் இதே மனுவைப் போடலாம்.

வேடிக்கை என்னவென்றால், ‘என் பெண்ணைக் கடத்திட்டாங்க’ என்று அப்பா போடுவதும் இதே மனுதான். ‘என் மனைவியை அடைச்சு வெச்சிருக்காங்க’ என்று கணவன் போடுவதும் இதே மனுதான். கோர்ட் அப்பாவிடமும் கணவனிடமும் ஆயிரம் கேட்கலாம். முக்கியமான கேள்வி அந்தப் பெண்ணுக்குத்தான். ‘யாரோடும்மா போகணும்?’ வயது 18 தாண்டியிருந்தால், அவள் பதில்தான் தீர்ப்பாக வேண்டும்.

ஆனால், அந்தப் பதில் எப்போதும் எடுபடுவதில்லை. சேலத்தில் ஹோமியோபதி படித்த கேரளப் பெண்ணின் வழக்கு ஞாபகம் இருக்கிறதா? அவர் மதம் மாறியதும் அப்பா ஆட்கொணர்வு மனு போட்டார். வழக்கு நடக்கும்போதே பெண் தனக்குப் பிடித்தவரைக் கல்யாணம் செய்துகொண்டார். 2017 மே மாதம் கேரள உயர் நீதிமன்றம் அந்தக் கல்யாணம் செல்லாது என்று சொல்லி, அவரைப் பெற்றோரிடம் அனுப்பியது. 24 வயதுப் பெண், மாதக்கணக்கில் போலீஸ் காவலோடு வீட்டுக்குள். நவம்பரில் உச்ச நீதிமன்றம் நேரில் வரவழைத்துக் கேட்டது. ‘சுதந்திரம் வேண்டும்’ என்றார். படிப்பை முடிக்க சேலத்துக்கு அனுப்பப்பட்டார். 2018 மார்ச்சில், கல்யாணம் செல்லும் என்று தீர்ப்பானது.

2025 மே மாதம், சென்னை உயர் நீதிமன்றம். 25 வயதுப் பெண்ணை வீட்டார் அடைத்துவைத்ததாக மனு போட்டது, அவர் சேர்ந்து வாழ விரும்பிய இன்னொரு பெண். தன்னை அடித்ததாகவும், ‘சரிபண்ண’ சடங்குகள் செய்ததாகவும் அந்தப் பெண் கோர்ட்டில் சொன்னார். அம்மாவின் மனசு புரிகிறது என்றார்கள் நீதிபதிகள். ஆனாலும், பெண்ணை அவர் விரும்பிய இடத்துக்குப் போக அனுமதித்தார்கள்.

‘சரி சார், அவ எடுக்கிற முடிவு தப்பா இருந்தா? பெத்தவங்க சும்மா வேடிக்கை பார்க்கணுமா?’ என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. முடிவுகள் தப்பாகப் போவது உண்டுதான். பெரியவர்கள் ஜாதகம் பார்த்து எடுத்த முடிவுகளும் அதில் சேர்த்தி.

சும்மா இருக்க வேண்டாம். பேசுங்கள். அழுங்கள். சண்டை போடுங்கள். பையனைப் பற்றி நாலு இடத்தில் விசாரித்து, முகத்துக்கு நேரே சொல்லுங்கள். அது பாசத்தின் உரிமை. செல்போனைப் பிடுங்கிக் கதவைப் பூட்டும்போதுதான் கதை மாறுகிறது. ‘இவள் மனசை என்னால் மாற்ற முடியவில்லை, உடலையாவது வைத்துக்கொள்கிறேன்’ என்கிறீர்கள். அதில் மகள் மீது அக்கறை எவ்வளவு, ‘ஊர் என்ன சொல்லும்’ என்ற பயம் எவ்வளவு? உங்களுக்கே தெரியும்.

உங்கள் கணக்கே சரி என்று வைத்துக்கொள்வோம். அவள் முடிவு தப்பாகவே போகிறது. ஒரு ராத்திரி, கையில் ஒரு பையோடு எங்காவது போய்க் கதவைத் தட்ட வேண்டும். ஒருமுறை தன்னை உள்ளே வைத்துப் பூட்டிய வீட்டையா தட்டுவாள்?