ஒன்றை விடுவதன் அறம்

நாகப்பட்டினத்து நுளைப்பாடியில் பிறந்த அதிபத்த நாயனாரின் கதையை எங்கள் கடற்கரைப் பிள்ளைகளுக்குச் சொன்னால் ஒரு கேள்வி தவறாமல் வரும். வலையில் விழும் மீன்களில் ஒன்றைச் சிவபெருமானுக்கென்று கடலிலேயே விட்டுவிடுவது அவர் வழக்கம். ஒரு காலத்தில் மீன்பாடு குறைந்து, நாளுக்கு ஒரே மீன்தான் கிடைத்தது. அதையும் விட்டார். வீட்டில் பட்டினி. கடைசியில் மணிகள் இழைத்த பொன்மீன் ஒன்று அகப்பட்டது. அதையும் விட்டார். சேக்கிழார் பெரியபுராணத்தில் பாடிய வரலாறு இது. மணமேல்குடிப் பக்கம் தமிழாசிரியராக இருந்தபோது இதைச் சொல்லி முடித்ததும் ஒரு மாணவி எழுந்து கேட்டாள்: "சார், மத்த மீனையெல்லாம் கொன்னுட்டு ஒன்னே ஒன்னை விட்டா அவரு எப்படி சார் நாயனாரு?"

அவள் அப்பா ஜெகதாப்பட்டினத்தில் விசைப்படகுக்குப் போகிறவர். அதிபத்தரைச் சாக்கிட்டு அவள் தன் வீட்டைப் பற்றித்தான் கேட்டாள். கொல்லும் தொழிலில் இருப்பவருக்கு அருள் உண்டா? அவர் ஓர் உயிரிடம் காட்டும் இரக்கம் அறமா, முரணா? நானும் கடலுக்குப் போகும் குடும்பத்தில் பிறந்தவன். இந்தக் கேள்வியை விட்டு விலகிப்போக எனக்கு வழியில்லை.

எங்கள் புதுக்கோட்டை மாவட்டத்திலேயே இதற்குப் பழைய விடை ஒன்று இருக்கிறது. சித்தன்னவாசல் ஏழடிப்பாட்டத்தில் சமண முனிவர்கள் படுத்த கற்படுக்கைகளும் தமிழ்ப் பிராமி எழுத்தும் இருக்கின்றன. அதே குன்றிலுள்ள குடைவரைக் கோயிலின் விதானத்தில் ஒன்பதாம் நூற்றாண்டு ஓவியமாக ஒரு தாமரைக் குளம். மீன்கள் நீந்துகின்றன, பறவைகள் இருக்கின்றன, யானையும் எருமையும் நீரில் நிற்கின்றன. மனிதர்களும் குளத்தில் இறங்கியிருக்கிறார்கள். ஆனால் அவர்கள் பறிப்பது பூ. யார் கையிலும் வலை இல்லை. எந்த உயிரையும் கொல்லாதே என்ற அறத்தை இதைவிட அழகாக வரைய முடியாது. அந்த ஓவியத்தின் கீழ் நிற்கும்போதெல்லாம் கைகூப்பத் தோன்றும். ஆனால் கட்டுமாவடி முதல் மீமிசல் வரை கடலை நம்பி அடுப்பெரியும் வீடுகளுக்கு அந்தக் குளத்தில் இடம் இல்லை. அவர்களை அறத்துக்கு வெளியே நிறுத்திவிட்டு உயர்ந்து நிற்கும் அறம் எனக்குப் போதவில்லை.

எங்கள் கடலில் ஆவுளியா உண்டு. கடல் பசு என்று பாடப்புத்தகம் சொல்வது அதைத்தான். பாக் விரிகுடாவின் ஆழம் குறைந்த கடல்புல் தரைகளில் மேய்ந்து வாழும் பாலூட்டி. பத்தடி வரை வளரும், எழுபது வயது வரை வாழும். பெண் ஆவுளியா ஓராண்டுக்கு மேல் சுமந்து ஒரே குட்டி போடும். ஒன்றரை ஆண்டு கூடவே வைத்துப் பால் கொடுக்கும். அடுத்த குட்டிக்கு மூன்று முதல் ஏழு ஆண்டுகள் ஆகும். அதனால் ஒரு தாய் செத்தாலும் கூட்டத்துக்கு அது பேரிழப்பு. சில நிமிடங்களுக்கு ஒரு முறை மேலே வந்து மூச்சு வாங்க வேண்டிய இந்த உயிர் வலையில் சிக்கினால், கடலிலேயே பிறந்தும் தண்ணீரில் மூழ்கித்தான் சாகும்.

தமிழ்நாடு அரசு 2022 செப்டம்பரில் தஞ்சாவூர், புதுக்கோட்டை மாவட்டங்களை ஒட்டிய கடலில் 448 சதுர கிலோமீட்டரைக் கடல் பசுப் பாதுகாப்பகமாக அறிவித்தது. அதிராம்பட்டினத்திலிருந்து எங்கள் அம்மாபட்டினம் வரை நீளும் அதுதான் இந்தியாவின் முதல் கடல் பசுக் காப்பகம்.

என் அண்ணன் நாட்டுப்படகில் போனவர். ஒரு விடியற்காலையில் அவர் வலையில் ஆவுளியா மாட்டியது. கரைக்கு வந்து அவர் சொன்னது எனக்கு இன்றும் அப்படியே நினைவிருக்கிறது. வலையை இழுக்கும்போது கனத்தைப் பார்த்துப் பெரிய பாடு என்று நினைத்திருக்கிறார்கள். மேலே வந்ததோ சாம்பல் நிற முதுகு. அதில் பழைய காயங்களின் வெள்ளைத் தழும்புகள். தடித்த உதட்டில் முள்முள்ளாக மயிர். மூக்குத் துளைகள் இரண்டும் மூடி போட்டதுபோல் திறந்து மூடின. கண்ணிலிருந்து கொழகொழவென்று நீர் வழிந்தது. அது உடம்பின் இயல்பான சுரப்பு என்கிறது அறிவியல். படகில் இருந்தவர்களுக்கு அது அழுவதாகத்தான் பட்டது. கொஞ்சம் தள்ளி ஒரு குட்டி மேலே வருவதும் மூழ்குவதுமாக அங்கேயே சுற்றியது.

பக்கத்துப் படகில் இருந்தவர் கோட்டைப்பட்டினத்து முஸ்லிம் பெரியவர். அண்ணனுக்கு அவர் மாமா முறை. "மாப்ள, மூச்சு முட்டுது பாரு. வலையப் பாக்காத, அறுத்து விடு" என்று கத்தியிருக்கிறார். அந்த வலை ஏலக்காரரிடம் கடன் வாங்கிப் போட்டது. கடன் பாதிகூட அடையவில்லை. அண்ணன் கத்தியை எடுத்து அறுத்தார். தாயும் குட்டியும் போன திசையைக்கூடப் பார்க்க நேரமில்லை; மிச்ச வலையில் நண்டும் மீனும் துடித்துக்கொண்டிருந்தன. அவற்றைக் கழற்றிப் பெட்டியில் போட்டு ஏலத்துக்குக் கொண்டுவந்தார்கள்.

மாணவியின் கேள்வி இங்கேதான் கூர்மையாகிறது. ஒரே வலை, ஒரே கத்தி, ஒரே கை. ஆவுளியாவுக்கு விடுதலை, நண்டுக்குப் பெட்டி. இதில் அறம் எங்கே?

சட்டத்துக்குப் பயந்து விட்டார்கள் என்று சொல்வோர் உண்டு. 1972-ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் ஆவுளியா முதல் அட்டவணையில் இருக்கிறது, கொன்றால் சிறை. தாத்தா காலத்தில் இதே விரிகுடாக் கரையில் அதன் இறைச்சி விலைபோனது என்பதும் உண்மை. ஆனால் நடுக்கடலில், விடிந்தும் விடியாத வேளையில், பார்ப்பதற்கு எந்த அதிகாரியும் இல்லாத இடத்தில் கத்தியை எடுக்க வைத்தது சட்டம் மட்டுமே என்று நான் நம்பவில்லை. சட்டம் கற்றுக்கொடுத்ததை மனம் தனதாக்கிக்கொண்டது. எல்லா அறமும் அப்படித்தான் ஊருக்குள் வருகிறது.

"அதுக்கு விதி முடிஞ்சிருந்தா நாம யாரு தடுக்க?" என்பது இன்னொரு பேச்சு. அதன் விதி எனக்குத் தெரியாது. என் வலையில் வந்து விழுந்த பிறகு நான் என்ன செய்கிறேன் என்பது என் வினை. அதன் கணக்கை மட்டும்தான் நான் எழுத முடியும்.

மூன்றாவது பேச்சுதான் கனமானது: காப்பாற்றி என்ன பயன்? 2016 ஜனவரியில் தூத்துக்குடி மாவட்டம் மணப்பாட்டையும் கல்லாமொழியையும் ஒட்டிய கரையில் 80-க்கும் மேற்பட்ட பைலட் திமிங்கலங்கள் ஒதுங்கின. கரையில் கிடக்கும் திமிங்கலத்தை அதன் எடையே நசுக்கும். வெயில் உடம்பை வேகவைக்கும். மீனவர்களும் வனத்துறையினரும் இரவெல்லாம் தள்ளினார்கள், படகில் கட்டி ஆழத்துக்கு இழுத்துப்போய் விட்டார்கள். விட்டவற்றில் பல திரும்பக் கரைக்கே வந்தன. கூட்டத்தை விட்டுப் பிரியாத சாதி அது. 40-க்கும் மேற்பட்டவை இறந்தன. குழி தோண்டிப் புதைத்தார்கள். அதே கரையில் 1973 ஜனவரியில் 147 திமிங்கலங்கள் ஒதுங்கியதும் பதிவாகியிருக்கிறது.

திரும்பி வரும் திமிங்கலத்தை இரண்டாம் முறை தள்ளியவருக்கு அது பிழைக்குமென்ற உறுதி இல்லை. நெஞ்சளவு நீரில் நின்று, தன்னைவிடப் பல மடங்கு கனக்கும் உடம்பைத் தோளால் முட்டித் தள்ளினார். பலனைப் பார்த்துச் செய்வதுதான் அறம் என்றால் அவர் முதல் முறையோடு வீட்டுக்குப் போயிருக்க வேண்டும். அவர் போகவில்லை.

உலகின் மறுகோடியில், கனடாவின் வான்கூவர் தீவில், 2024 மார்ச்சில் சினையாக இருந்த ஓர்கா திமிங்கலம் ஒன்று நீர் வற்றியபோது காயல் ஒன்றில் தரைதட்டியது. ஊரார் போராடியும் அது இறந்தது. இரண்டு வயதுப் பெண்குட்டி காயலுக்குள் தனித்து நின்றது. அந்த மண்ணின் எஹாட்டெசாட் பழங்குடியினர் அதற்கு 'துணிச்சல் மிக்க குட்டி வேட்டைக்காரி' என்று பொருள்படப் பெயரிட்டார்கள், வெளியே வரச் சொல்லிப் பாட்டுப் பாடினார்கள், பறையடித்தார்கள். ஒரு மாதத்துக்கும் மேலாக எந்த முயற்சியும் பலிக்கவில்லை. ஏப்ரல் 26 அதிகாலை, நீர் ஏறிய நேரத்தில், அது தானாகவே பாலத்தடியில் நீந்திக் கடலுக்குப் போய்விட்டது.

அந்தச் செய்தியில் என்னைப் பிடித்து நிறுத்திய இடம் ஒன்று உண்டு. இளைத்துக்கொண்டிருந்த குட்டிக்கு அவர்கள் போட்டது கடல்நாய் இறைச்சி. ஓர்காவின் உணவு அதுதான். ஓர் உயிரைக் காக்க இன்னோர் உயிரின் ஊன். கடலோரத்தில் வாழும் எவருக்கும் இது புதிதல்ல. கொலை கலக்காத கருணை கடலில் கிடைக்காது. அதனால் கருணையே வேண்டாம் என்று ஆகிவிடுமா? கொன்று தின்னும் உலகத்துக்குள் நின்றுகொண்டே, இது மட்டும் என் பங்கு இல்லை என்று ஓர் உயிரை விடத் தெரிவதுதான் இங்கே மனிதனுக்கு வாய்த்த கருணை.

அதிபத்தரை இப்போது திரும்பப் படித்தால் அவர் செய்தது விளங்குகிறது. கோயிலில் நாம் படைக்கும் சோறும் பழமும் பிரசாதமாக நம் கைக்கே திரும்பும். கடலில் விட்ட மீன் திரும்பாது. விட்டது விட்டதுதான். ஒரு மீனை விட்டதால் மற்ற மீன்களின் சாவு கழுவப்பட்டது என்று அவர் நினைத்ததாகப் புராணம் சொல்லவில்லை. கடல் முழுவதும் எனக்குரியது இல்லை என்பதை நாள்தோறும் தன் கையால் ஒப்புக்கொண்டார். பட்டினியிலும் ஒப்புக்கொண்டார், பொன் கிடைத்தபோதும் ஒப்புக்கொண்டார். கொல்லாத முனிவரின் கை தொடக்கத்திலிருந்தே வெறுங்கை. அதிபத்தரின் கையில் மீன் இருந்தது; அதை அவர் திறந்தார். இழக்க ஏதாவது உள்ளவன்தான் விட முடியும்.

ஆவுளியா மேய்ந்தால் கடல்புல் செழிக்கும், புல் செழித்தால் மீனும் இறாலும் பெருகும் என்று அதிகாரிகள் கூட்டம் போட்டுச் சொல்கிறார்கள். உண்மைதான், சொல்லவும் வேண்டும். ஆனால் அறுக்கச் சொன்ன அந்த மாமாவும் அறுத்த அண்ணனும் அப்போது நாளைய மீன்பாட்டை எண்ணவில்லை. தாகத்தில் நாக்குத் தொங்கிய நாய்க்குக் கிணற்றில் இறங்கித் தண்ணீர் கொண்டுவந்தவரை இறைவன் மன்னித்தான் என்ற நபிமொழியை அந்த மாமா எனக்குப் பலமுறை சொல்லியிருக்கிறார். அவர் நபிமொழியிலிருந்தும் அண்ணன் நாயனார் கதையிலிருந்தும் வந்து ஒரே கயிற்றை அறுத்தார்கள்.

ஆகவே அந்த மாணவிக்கு என் விடை இது. உன் அப்பா பிடிப்பது பிழைப்பு. அவர் விடுவது வழிபாடு. இரண்டும் ஒரே கையில் இருப்பது முரண் ஆகாது. விடவே தெரியாமல் பிடித்துக்கொண்டே இருந்தால்தான் அந்தக் கை பாவம் செய்கிறது. கடல்புல்லை வேரோடு வாரும் இழுவை மடி அப்படிப்பட்ட கை. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலம் என்பது ஊரே சேர்ந்து கடலுக்கு விடும் பங்கு. அதையும் அரசாணை என்று மட்டும் பார்க்காமல் நோன்பாகக் காக்கலாம்.

கரையில் இருக்கும் நமக்கும் ஒரு கடமை உண்டு. ஆவுளியாவை விட்டவருக்குப் பாராட்டும் வெகுமதியும் கிடைப்பதுண்டு, நல்லது. அறுத்த வலையின் முழு விலையும் அந்த வாரமே அவர் கைக்கு வர வேண்டும். கடன்பட்ட வலையை அறுத்தவனை மேடையில் சால்வை போர்த்தி, வட்டியோடு வீட்டுக்கு அனுப்புவது நியாயம் ஆகாது. மீன் வாங்கித் தின்னும் ஒவ்வொருவரும் அந்த வலைக்காசில் பங்காளி. கோயில் உண்டியலிலும் தர்கா உண்டியலிலும் தேவாலயக் காணிக்கையிலும் கடலோர ஊர்கள் அதற்கென்று ஒரு பங்கை ஒதுக்கட்டும். கருணையின் செலவை மீனவர் தலையில் மட்டும் வைத்துவிட்டு அவருக்கு அறம் சொல்லித்தர நமக்கு உரிமை இல்லை.