பதவியும் பத்து வெள்ளியும்

மனிதனால் பதவிக்குப் பெருமையா, பதவியால் மனிதனுக்குப் பெருமையா? இவ்வினாவுக்கு விடை கூறுவது எளிது என்றே வாசகர் எண்ணுவர். செய்கையே பெரிது, நாற்காலி பெரிதன்று என்பது நம்மவர் நாவில் நாள்தோறும் வழங்கும் பேச்சு. ஆயினும் அப்பேச்சை நாமே எவ்வளவு நம்புகிறோம்? அமைச்சர் ஒருவர் வருகிறார் என்றால் மாலையும் மேளமுமாக ஓடுகிறோம். அவரே பதவி நீங்கி வந்தால், அமர இடம் கொடுப்பதற்கும் அக்கம்பக்கம் பார்க்கிறோம். ஆகவே இவ்வினாவை ஏட்டளவில் ஆராயாமல், நம்மிடையே வாழ்ந்த ஒருவரின் வாழ்வை வைத்து ஆராய்வதே முறையாகும்.

நாம் இதை எழுதுவது அம்பாங்கிலிருந்து. அம்பாங் என்னும் பெயர் அணையைக் குறிக்கும் மலாய்ச் சொல்லிலிருந்து பிறந்தது என்பர். 1857ஆம் ஆண்டில் ராஜா அப்துல்லா என்பார் ஈயம் தோண்டுவதற்காக 87 சீனத் தொழிலாளரைக் கிள்ளான் ஆற்றின் வழியே இங்கு அனுப்பினார். ஒரு மாதத்திற்குள் அவர்களில் 69 பேர் காய்ச்சலுக்கு இரையாயினர் என்பது வரலாறு. அனுப்பியவர் பெயரை நாம் அறிவோம். மாண்டவர் பெயரை அறியோம். மண்ணைத் திறந்தவனுக்கு மண்ணில் பங்கில்லை என்ற வழக்கு இந்நாட்டில் அன்றே தொடங்கிவிட்டது. பின்னர் ரப்பர்த் தோட்டங்களுக்கு வந்த நம் முன்னோரும் அவ்வழக்கிற்கு ஆளானார்கள். காடு அழித்ததும், கன்று நட்டதும், விடியுமுன் எழுந்து பால்மரம் வெட்டியதும் அவர்கள். மண்ணோ கப்பலேறி வந்த கம்பெனிகளுக்கு உரியதாயிருந்தது.

இந்த வழக்கை மாற்ற முனைந்தவர்களுள் ஒருவர் துன் வீ. தி. சம்பந்தன். அம்பாங்கிலிருந்து பிரிக்பீல்ட்ஸ் பக்கம் செல்பவர் அவர் பெயர் தாங்கிய சாலையில் நடக்காமல் திரும்புவது அரிது. ஆனால் சாலைப் பெயரை வாசிப்பது வேறு, மனிதரை அறிவது வேறு. 1919ஆம் ஆண்டில் பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட்டில் பிறந்தார். தந்தையார் வீராசாமி தமிழகத்திலிருந்து வந்து, உழைப்பால் உயர்ந்து, ரப்பர்த் தோட்டங்களுக்கு உரிமையாளரானவர். மகன் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் பயின்று திரும்பினார். 1955இல் மலாயா இந்தியக் காங்கிரஸின் தலைவரானார். அவ்வாண்டே தொழில் அமைச்சர். 1957 முதல் 1959 வரை சுகாதார அமைச்சர். 1959 முதல் 1971 வரை பொதுப்பணி, தபால், தந்தித் துறைகளின் அமைச்சர். பின்னர் 1974 வரை தேசிய ஒற்றுமை அமைச்சர். ஏறத்தாழ இருபது ஆண்டுகள் அமைச்சரவையில் அமர்ந்திருந்தார் என்று சுருக்கமாகக் கூறலாம்.

இனி நாம் கேட்க வேண்டுவது, இவ்வளவு நீண்ட பதவிக் காலத்தில் அவரது நாற்காலி தோட்டத்துத் தமிழனுக்கு எதைச் செய்தது என்பதே.

சுதந்திரத்தை ஒட்டிய ஆண்டுகளில் பெருந்தோட்டங்களை விற்றுவிட்டுப் புறப்பட்ட அந்நிய முதலாளிகள் பலர். வாங்கியவர்கள் அவற்றைத் துண்டு துண்டாக்கி மறுபடியும் விற்றார்கள். இதற்கே தோட்டத் துண்டாடல் என்று பெயர். இதனால் தொழிலாளிக்கு நேர்ந்த துன்பத்தை நகரத்து வாசகர் எளிதில் உணரமாட்டார். தோட்டத்தில் வேலை போனால் வேலை மட்டும் போவதில்லை. குடியிருக்கும் லயமும் அதனோடு போகும். பிள்ளை படிக்கும் பள்ளியும், கைக்குழந்தையை விட்டுச் செல்லும் ஆயாக் கொட்டகையும், தாத்தா நட்ட வேப்பமரத்தடிக் கோவிலும் ஒரே நாளில் பிறர் வேலிக்குள் போய்விடும். இரண்டு தலைமுறை வாழ்ந்த இடத்தில் ஒருபிடி மண்ணும் தனதில்லை என்பதை அன்றுதான் அவன் அறிவான்.

அமைச்சரின் அதிகாரம் இதைத் தடுத்ததா? தடுக்கவில்லை என்பதே உண்மை. 1960ஆம் ஆண்டுகளிலும் துண்டாடல் தொடர்ந்தது. 1968இல் இயற்றப்பட்ட வேலைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தினால், குடியுரிமை பெறாதோர் வேலைக்கு அனுமதிச் சீட்டு பெறவேண்டியதாயிற்று. அடுத்த ஆண்டில் பல்லாயிரம் தோட்டத் தமிழர் மூட்டை கட்டிக்கொண்டு தமிழகத்திற்குக் கப்பலேறினர். அப்பொழுதும் சம்பந்தனார் அமைச்சரவையில் இருந்தார். அவரிடம் அன்புடையோர் இதை மறைத்துப் பேசுவது அவருக்குச் செய்யும் மரியாதையாகாது. பலர் கூடியமர்ந்து முடிவு செய்யும் சபையில் ஒருவர் குரல் ஒரு குரலே. நாற்காலியின் எல்லை அவ்வளவுதான்.

ஆனால் அவர் நாற்காலியை மட்டும் நம்பியிருக்கவில்லை. 1960ஆம் ஆண்டில் திரு. கே. ஆர். சோமசுந்தரத்தைத் துணையாகக் கொண்டு தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். தோட்டந்தோட்டமாகச் சென்று தொழிலாளரைக் கூட்டி, பத்துப் பத்து வெள்ளியாகப் பங்குப் பணம் சேர்க்கும்படி வேண்டினார். 1961இல் கெடா மாநிலத்துப் புக்கிட் சிடிம் தோட்டம் சங்கத்திற்கு உரியதாயிற்று. அதன்பின் வேறு பல தோட்டங்களும் வந்தன. துண்டாடப்பட இருந்த நிலம் துண்டாடப்படாமல் நின்றது. வேலையும் வீடும் அங்கே நிலைத்தன. அமைச்சரின் முத்திரையால் ஆகாத காரியம், மரம் வெட்டும் கையிலிருந்து வந்த பத்து வெள்ளியால் ஆயிற்று.

இங்குதான் நம் வினா கூர்மையடைகிறது. சம்பந்தனார் பெரிய கொடையாளி. சுங்கை சிப்புட்டில் மகாத்மா காந்தி கலாசாலை எழக் காரணமானவர் அவர். தந்தை தேடிவைத்த நிலத்தில் பெரும்பகுதி அவர் பொதுவாழ்வில் கரைந்தது. இக்கொடையைப் போற்றாதவர் இல்லை. ஆயினும் கொடை பெரிதா, கூட்டுறவு பெரிதா என்று கேட்டால் நாம் தயங்காமல் கூட்டுறவே என்போம். கொடையில் ஒரு கை மேலே இருக்கும், மற்றொரு கை கீழே இருக்கும். பெற்றவன் நன்றியுடையவனாவான், உரிமையுடையவனாக மாட்டான். கொடுப்பவர் மறைந்தால் பெற்றவன் மறுபடியும் வேறொரு வாசலைத் தேடி நிற்பான். தன் பத்து வெள்ளியைப் போட்டவனோ கணக்குக் கேட்கலாம், கூட்டத்தில் எழுந்து பேசலாம், நிர்வாகியை மாற்றலாம். அவன் எவர் வாசலிலும் நிற்க வேண்டியதில்லை.

அங்ஙனமாயின் தலைவனின் தியாகம் வீணோ என்று சிலர் வினவுவர். வீணன்று. தொழிலாளிக்குப் பத்து வெள்ளி அந்நாளில் அற்பத் தொகையன்று. அது அரிசிக்கும் மருந்துக்கும் எடுத்துவைத்த பணம். ஏமாற்றியவர்களைக் கண்டு கண்டு சலித்தவன், அதை எளிதில் பிறர் கையில் தருவானா? கேட்டவர் தம் சொத்தைப் பெருக்க வந்தவரல்லர் என்று அவன் நம்பியதால் தந்தான். தலைவனின் தியாகம் மக்களுக்கு உணவாகாது. மக்கள் ஒன்றுகூடுவதற்கு அது பிணையாகும். அதன் பயன் அதுவே.

ஸ்வீடன் தேசத்தில் தாகே எர்லாண்டர் என்பார் 1946 முதல் 1969 வரை இருபத்துமூன்று ஆண்டுகள் பிரதம மந்திரியாக இருந்தார். பதவி நீங்கியபோது அவருக்குச் சொந்த வீடு இல்லை. அவர் கட்சியே ஒரு வீடு கட்டித் தந்தது. அவர் காலத்தில் முதியோர் உதவித்தொகையும், நோயுற்றோர்க்கான காப்புறுதியும் அந்நாட்டுக் குடிகளின் உரிமையாக விரிவடைந்தன. வீடில்லாத பிரதமர் என்று வியப்பதோடு நாம் நின்றுவிடக் கூடாது. அவர் ஆட்சியில் வளர்ந்த ஏற்பாடுகள் அவர் போனபின்னும் அவரை வேண்டாமலே நடந்தன என்பதல்லவா கவனிக்கத் தக்கது?

சம்பந்தனாரிடம் குறை இல்லையா? உண்டு. கட்சித் தலைமையில் பதினெட்டு ஆண்டுகள் இருந்தார். 1973இல் உட்கட்சிப் பூசலுக்கிடையேதான் அதைவிட்டு விலகினார். பிறரைத் தம் காலில் நிற்கச் சொன்னவர், தாம் அமர்ந்த இடத்தைக் காலத்தில் விட்டுக்கொடுத்திருந்தால் இன்னும் சிறப்பாயிருந்திருக்கும். 1979இல் அவர் மறைந்தார். அமைச்சுப் பதவி அதற்கு முன்பே போய்விட்டது. சங்கம் போகவில்லை.

அம்பாங் என்றால் அணை என்றோமே, பதவியும் அத்தகையதே. அணையில் தேங்கிய நீரின் உயரத்தை வியப்பவன் வழிப்போக்கன். மதகு திறந்து வயலுக்கு எவ்வளவு பாய்ந்தது என்று பார்ப்பவன் உழவன். நம்மவரில் பெரும்பாலோர் இன்று தோட்டத்தை விட்டு நகரத்து அடுக்குமாடிகளுக்கு வந்துவிட்டோம். எனினும் வழிப்போக்கனின் கண்ணோடே அமைச்சர்களைப் பார்க்கிறோம். அமைச்சர் நமக்கு என்ன செய்தார் என்று கேட்பதில் தவறில்லை. ஆனால் பள்ளி வாரியத்திலும், கூட்டுறவுச் சங்கத்திலும், குடியிருப்போர் குழுவிலும் ஆண்டுக் கூட்டம் நடக்கும் நாளில் நம் இருக்கை காலியாயிருக்குமானால், அக்கேள்வியைக் கேட்க நமக்கு என்ன தகுதி? கூட்டத்திற்கு வராத உறுப்பினன் தன் பங்கைத் தானே துண்டாடிக் கொடுத்தவனாவான்.

தலைவர் பெயரைச் சாலைக்கு வைப்பது அரசாங்கம் செய்யக்கூடிய காரியம். அவர் கேட்ட பத்து வெள்ளியை மாதந்தோறும் தருவது, தந்ததற்குக் கணக்குக் கேட்பது ஆகியவை நாம் மட்டுமே செய்யக்கூடியவை.