தோற்றவரின் வழக்கு

ஒரு கூட்டுறவு வீட்டுத் திட்டத்தில் இயக்குநர் சபைத் தேர்தல் என்று வைத்துக்கொள்வோம். ஒன்ராறியோச் சட்டப்படி பத்து நாளாவது முன்னதாகக் கிடைக்க வேண்டிய அறிவித்தல், கூட்டத்துக்கு எட்டு நாள் இருக்கும்போதுதான் கதவுகளுக்கு வருகிறது. யாரும் முணுமுணுக்கவில்லை. எல்லோரும் வந்து வாக்களிக்கிறார்கள். தோற்ற அணி மறுவாரம் சட்டத்தரணியைத் தேடிப் போகிறது. "தோற்ற பிறகா நாள் எண்ணுகிறீர்கள்?" என்கிறது வென்ற அணி. நியாயமான கேள்விதான். ஆனால் கேட்க வேண்டியது அது ஒன்று மட்டுமல்ல.

ரொறன்ரோவின் ஸ்காபரோவில் கோயில் நிர்வாக சபை, பழைய மாணவர் சங்கம், ஊர்ச் சங்கம், கொண்டோ என்று ஏதோ ஒரு பொதுக்கூட்டத்தில் குரல் உயராத ஆண்டு இல்லை. இவை எல்லாவற்றுக்கும் ஒரே சட்டம் இல்லை என்பது பலருக்கு வழக்கு வந்த பிறகுதான் தெரிகிறது. கொண்டோவில் வர முடியாதவரிடம் பதிலாள் பத்திரம் வாங்கி இன்னொருவர் வாக்களிக்கலாம். கூட்டுறவில் அது செல்லாது. ஒரு அங்கத்தவருக்கு ஒரு வாக்கு, அதை அவரே போட வேண்டும். கொண்டோப் பழக்கத்தோடு கட்டுக்கட்டாகப் பத்திரம் சேர்த்துவருபவர் மோசடிக்காரர் என்று சொல்லிவிட முடியாது. ஆனால் அந்த வாக்குகளை எண்ணிய சபைக்கு அந்தச் சலுகை கிடையாது, சட்டத்தைத் தெரிந்துவைத்திருப்பது அதன் வேலை.

முறை பிழைத்தால் முடிவும் விழ வேண்டுமா? ரொறன்ரோவின் மேற்குக் கோடியிலுள்ள எற்றோபிக்கோ சென்ரர் தொகுதியில் 2011 கூட்டாட்சித் தேர்தலில் வெற்றி வித்தியாசம் 26 வாக்குகள். பதிவுப் பத்திரங்களில் குறை கண்ட ஒன்ராறியோ நீதிபதி 79 வாக்குகளைத் தள்ளித் தேர்தலையே ரத்துச் செய்தார். 2012 ஒக்ரோபரில் கனடா உச்ச நீதிமன்றம் நான்குக்கு மூன்று என்ற கணக்கில் முடிவைக் காப்பாற்றியது. வாக்களிக்கத் தகுதியுள்ளவரின் வாக்கை அலுவலர் விட்ட எழுத்துப் பிழைக்காகப் பறிக்கக்கூடாது என்பதே பெரும்பான்மையின் மனம். மூன்று நீதிபதிகள் உடன்படவில்லை என்பதையும் சேர்த்தே நினைக்க வேண்டும். இத்தனை கற்றவர்களையே இரண்டாகப் பிரித்த கேள்வி, ஒரு கட்டடத்தின் கூட்ட அறையில் கைதட்டலால் தீர்ந்துவிடாது.

தமிழ்நாட்டிலிருந்து வந்த வழக்கு வேறு பக்கம் பார்த்தது. நாமக்கல் தொகுதியில் வேட்புமனு தள்ளப்பட்ட பொன்னுசாமியின் வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் 1952இல், தேர்தல் தொடங்கிவிட்டால் இடையில் நீதிமன்றம் நுழையாது, முடிந்தபின் மனுப் போடலாம் என்றது. பின்னாளில் கூட்டுறவுச் சங்கத் தேர்தல்களுக்கும் இதே நியாயம் எடுத்தாளப்பட்டது. கேட்க ஒழுங்காக இருக்கிறது. ஆனால் மனுவே வாங்காமல் திருப்பி அனுப்பப்பட்டவருக்கு, எல்லாம் முடிந்தபின் வா என்பது எந்த வகை ஆறுதல்? 2018இல் தமிழகக் கூட்டுறவுத் தேர்தலில் அப்படிப்பட்ட புகார்கள் எழுந்தபோது சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை இடைக்காலத் தடை போட்டது.

முறையை வெறும் சடங்கு என்பவர்களுக்கு இன்னொன்றும் சொல்ல வேண்டும். கூட்டுறவுத் தேர்தலைக் காலத்தில் நடத்த வேண்டும் என்று இந்திய நாடாளுமன்றம் கொண்டுவந்த 97ஆவது அரசியலமைப்புத் திருத்தம், மாநிலச் சங்கங்களைப் பொறுத்தவரை 2021இல் உச்ச நீதிமன்றத்தில் விழுந்தது. காரணம், பாதி மாநிலங்களின் ஒப்புதல் பெறும் முறை பின்பற்றப்படவில்லை. நல்ல நோக்கம் அதைக் காப்பாற்றவில்லை.

இனி எட்டு நாள் அறிவித்தலுக்கு வருவோம். குறையைக் கண்டும் வெல்வோம் என்ற நம்பிக்கையில் வாய்மூடி இருந்தவர், தோற்றபின் அதைக் கையில் எடுப்பது நேர்மையல்ல. தெரியாமல் இருந்தவருக்கு இந்தப் பழி பொருந்தாது. ஆனாலும் இரு பக்கத்தையும் ஒரே தராசில் வைப்பது தவறு. அங்கத்தவர் பட்டியல் யாரிடம்? அறிவித்தல் எழுதுவது யார்? கூட்டத்தின் திகதியைக் குறிப்பது யார்? பதவியில் இருக்கும் சபைதான். வழக்கு வந்தால் அதன் சட்டத்தரணிக்கும் பெரும்பாலும் கூட்டுறவின் காசுதான் போகிறது, அதாவது வழக்குப் போட்டவரின் மாதக் கட்டணமும் அதில் சேர்த்தி. தன் கதிரையைக் காக்கப் பொதுப் பணத்தை எடுக்கும் சபையின் குற்றம், காலம் தாழ்த்திப் புகார் சொன்னவரின் குற்றத்தைவிடப் பெரிது. கூரை திருத்த வைத்த காசு வழக்குக்குப் போனால், ஒழுகுவது இரு அணியினரின் வீடும்தான்.

ஸ்காபரோவில் கெனடி நிலையத்துக்கு அருகே, 2444 எக்லின்ரன் அவெனியூ கிழக்கில், 612 கூட்டுறவு வீடுகளுக்கான பெரிய திட்டம் உருவாகிறது. தமிழர்களும் அங்கே குடியேறுவார்கள். அதன் துணைவிதிகளை எழுதுவோர் இரண்டு வரியை மறக்காமல் சேர்க்க வேண்டும்: தேர்தலை நடத்துபவர் வெளியாளாக இருக்கட்டும், முறை பற்றிய புகாரை வாக்கெடுப்புக்கு முன்பே அவரிடம் எழுத்தில் கொடுக்க வழி இருக்கட்டும். பழைய கூட்டுறவுகளும் அடுத்த ஆண்டுப் பொதுக்கூட்டத்திலேயே இதைச் செய்யலாம்.