ஐந்தரை மணி

திங்கள் விடியற்காலை. மட்டக்களப்பு வாவியிலிருந்து உப்பு வாசம். கச்சான் காற்று இன்னும் எழும்பவில்லை.

திரையில் நியூயோர்க். அங்கே ஞாயிறு இரவு எட்டு மணி. டோனி விருது விழா தொடங்குகிறது. சத்தத்தை அணைத்தே பார்க்கிறேன்.

ஒரு பெயர். ஒருவர் எழுகிறார். பெயர் வராதவர்களும் கைதட்டுகிறார்கள். கமரா அவர்களிடமும் போகிறது. சிரிப்பில் குறை இல்லை.

வட்டப் பதக்கம். ஒரு பக்கம் சிரிக்கும் முகமூடி, அழும் முகமூடி. மறுபக்கம் முன்பு, டோனி என்ற பெயருக்குரிய அன்டொனெட் பெரியின் முகம். விருதை 1947 முதல் கொடுக்கிறார்கள். 1967 முதல் அமெரிக்கா முழுவதும் வீட்டிலிருந்தே பார்க்கிறது.

இதே நேரத்தில்தான் இங்கே கூத்து முடியும். மத்தளம் ஓய்கிறது. சல்லாரி ஓய்கிறது. வாழி பாடுகிறார்கள்.

வடமோடிக் கூத்தின் அரசன் விரிந்த கரப்புடுப்பைக் கழற்றுகிறான். இடுப்பில் கட்டின தடம். மூச்சு மேலும் கீழும். அரசன் எந்த இடத்தில் போனான், தெரியவில்லை.

கூத்துக் களரியைச் சுற்றிப் பாய்கள். சில பிள்ளைகள் தூக்கத்தில். அவர்களுக்கும் சேர்த்தே ஆடியிருக்கிறான்.

வட்டக்களரியில் முதுகும் ஆட வேண்டும்.

கூத்தைப் பழக்கிய அண்ணாவியார் நடுவிலேயே நிற்கிறார். இரவு முழுவதும் அவரைச் சுற்றித்தான் எல்லா இராச்சியங்களும்.

1962. பேராதனைப் பல்கலைக்கழகம். சு. வித்தியானந்தன் ‘கர்ணன் போர்’ கூத்தை மேடைக்குக் கொண்டுவருகிறார். விடிய விடிய நடப்பது சில மணித்தியாலங்களுக்குள் அடங்குகிறது. பின்னர் ‘இராவணேசன்’. இராவணனாக மௌனகுரு, மட்டக்களப்பின் அமிர்தகழிப் பிள்ளை. குறைந்ததும் உண்டு, கிடைத்ததும் உண்டு. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறேன்.

திரையில் ஒரு நாடகத்தின் ஒரு பாட்டு. சத்தமில்லாமல் கால்கள் மட்டும். தாளம் எங்கே விழுகிறதென்று கண் தேடுகிறது.

ஒளியமைப்புக்கும் அங்கே விருது உண்டு. களரியில் வாழைக்குற்றிகளில் விளக்கு எரிந்த காலம். எண்ணெய் ஊற்ற யாரோ விழித்திருந்திருப்பார்.

நன்றி சொல்கிறவரின் உதடுகள். அம்மா என்கிறாரோ. ஆசிரியர் என்கிறாரோ. கண் ஈரம்.

இங்கே அரங்கேற்றம் வரை எத்தனை படி. பாத்திரம் பிரித்துச் சட்டம் கொடுப்பது. மாதக்கணக்கில் பழகுவது. சதங்கை அணிவது. ஒத்திகையாக அடுக்குப் பார்ப்பது. ஒவ்வொன்றும் ஊரின் நடுவே.

முடிந்த பிறகு வீட்டுக்கு வீடு ஆடுகிறார்கள். பகல் வெயிலில், முற்றத்து மணலில். வீட்டுக்காரர் கையில் வைப்பதை வாங்குகிறார்கள். யாருக்குக் கூட, யாருக்குக் குறைய என்ற பேச்சும் எழும். மனிதர்கள்தானே.

ஒரு வரவு. நாலு அடி ஆட்டம். பிறகு அடுத்த படலை.