தின்று காப்பாற்றுவது

ஒரு மிருகத்தைத் தின்றே காப்பாற்ற முடியுமா? சிரிக்காதீர்கள். பைசன் என்கிற அமெரிக்கக் காட்டெருமை 19-ம் நூற்றாண்டுத் தொடக்கத்தில் கோடிக்கணக்கில் திரிந்தது. தோலுக்காகச் சுட்டுத் தள்ளியதில், 1889-ல் மிச்சம் சுமார் ஆயிரம். இன்று சில லட்சம். பெரும்பாலும் பண்ணைகளில், இறைச்சிக்காக. ஆக, இனம் பிழைத்ததில் மனிதனின் பசிக்கும் பங்கு உண்டு. ஆனால், வெட்டுப்படுகிற அந்த ஒரு மாட்டிடம் 'உன் இனம் தழைக்குதப்பா' என்றால், அதுக்கு என்ன ஆறுதல்?

அதனால், வீட்டில் ரோஸ்ட் செய்கிறவருக்கு ஒரு கடன் பாக்கி: பொறுமை. கொழுப்பு குறைந்த கறி, அவசரப்பட்டால் செருப்புத்தோல்தான். 135 டிகிரி செல்சியஸ் ஓவனில் நிதானமாக வேகவிட்டு, நடுச்சதையின் சூடு 63-ஐத் தொட்டதும் எடுத்து, கொஞ்ச நேரம் மூடிவைத்து, அப்புறம்தான் நறுக்கணும். உயிரை எடுத்தாச்சு; அதை வீணாக்காமலாவது இருக்கலாம், இல்லையா?