அமுதமும் பங்கும்

பாற்கடலைக் கடைந்த கதையில் மந்தர மலை மத்தாயிற்று, வாசுகி கயிறாயிற்று, அமரரும் அசுரரும் ஒருங்கே உழைத்தனர். முதலில் எழுந்தது நஞ்சு. அமுதமோ நெடிது கழிந்தே வந்தது. கடையும் வேளையில் எவரும் கேளாத வினா ஒன்று உண்டு: கிடைப்பதைப் பங்கிடுபவர் யார்? மோகினி கலசத்தை ஏந்தி நின்றபோது அதைக் கேட்கும் காலம் கடந்துவிட்டது. அசுரர் தீயவர், ஆகவே அது முறையே என்பர். ஆயினும் பாதிக் கயிற்றை இழுத்தவை அவர்தம் கைகளே அன்றோ?

மலாயாத் தோட்டத் தமிழன் வேண்டிய அமுதம் மிகச் சிறியது. தான் பால்மரம் சீவிய மண்ணிலிருந்து தன் பிள்ளைகள் பெயர்க்கப்படலாகாது. அதுவே அவன் கண்ட இறவாமை. ஜொகூர் பாருவை அடுத்த மௌன்ட் ஆஸ்டின் இன்று வீடுகளும் கடைத்தெருக்களும் நிறைந்த பகுதி. முன்னர் அது ரப்பர்த் தோட்டம். இவ்வாறு தோட்டங்கள் நகராகும்போது நிலத்தின் விலை ஏறும். பட்டா இல்லாத லயத்து மனிதனுக்கு அவ்வேற்றத்தால் ஆவதென்ன?

1950-களின் பிற்பகுதியில் ஐரோப்பிய முதலாளிகள் விற்ற தோட்டங்கள் பல துண்டாடப்பட்டபோது இக்கேள்வி கூர்மையுற்றது. 1960-இல் துன் வீ. தி. சம்பந்தன் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தோற்றுவித்தார். மாதம் 10 வெள்ளி செலுத்தி 100 வெள்ளிப் பங்கைப் பெறலாம் எனத் தோட்டந்தோட்டமாகச் சென்று எடுத்துரைத்தார். 1961-இல் கெடாவின் புக்கிட் சீடிம் தோட்டம் வாங்கப்பட்டது. சீவுபவனுக்கு அந்நாளில் 10 வெள்ளி சிறு தொகை அன்று.

இருபதாண்டுகளுக்குப் பின், நிலம் மட்டும் போதாது, வாணிகத்திலும் பங்கு வேண்டும் என்ற குரல் எழுந்தது. அக்குரலில் தவறில்லை. ம.இ.கா.வின் முயற்சியால் 1982-இல் தோன்றிய மைக்கா ஹோல்டிங்ஸ் நிறுவனத்தில் ஏறத்தாழ 66,000 பேர் 10 கோடி வெள்ளிக்கு மேல் முதலிட்டனர். நகையை அடகு வைத்தவரும் உளர். ஆனால் அந்நிறுவனம் பங்குச் சந்தையில் இடம்பெறவே இல்லை. விற்க விரும்பியவனுக்கு வாங்குவோரைக் காணும் வழியில்லை. 2010-இல் ஒரு வெள்ளிப் பங்கிற்கு 80 காசு தர வேறொரு நிறுவனம் முன்வந்தது; இடையில் கழிந்த ஆண்டுகளுக்கு விலையில்லை. இராகுவின் நிலையும் இத்தகையதே. அமுதம் தொண்டையைத் தாண்டுமுன் அறுபட்ட தலை அது. சாவதில்லை, ஆனால் நிலவை விழுங்கினாலும் தங்குவதற்கு வயிறில்லை.

இதனைக் கண்டு நிலமே மேல் என்று முடிவுகட்டுவோர் ஒன்றை மறக்கின்றனர். நில நிதிச் சங்கத்து உறுப்பினன் கையிலிருந்ததும் பங்கே. ஓரடி மண்ணும் அவன் பெயரில் இல்லை. மண்தான் என்றும் காக்கிறதா? ஜொகூரில் கடலைத் தூர்த்து எழுப்பிய ஃபாரஸ்ட் சிட்டியில் வீடு வாங்கியவரைக் கேட்டால் தெரியும். வேறுபாடு பொருளில் இல்லை, கலசத்தைத் தாங்கும் கைக்கும் உழைத்த கைக்கும் உள்ள உறவில் இருக்கிறது. கூட்டுறவு நெறியில் ஆளுக்கு ஒரு வாக்கு. கம்பெனியில் பங்குக்கு ஒரு வாக்கு. நூறு பங்கு உடையவன் கம்பெனிக் கூட்டத்தில் எழுந்து நின்றால், அவன் குரல் கேட்கும். அவன் வாக்கு எண்ணிக்கையில் கரைந்துவிடும். கூட்டுறவில் அவ்வாக்குக்கு எடையுண்டு, அவன் வந்து நின்றால்.

ஊழியர் சேமநிதியைப் பெற்ற கூலாய்த் தந்தை, வீடா, பங்கா என்று பிள்ளைகளைக் கேட்கிறார். மகன் ஒன்றைச் சொல்கிறான். மகள் மற்றொன்றைச் சொல்கிறாள். அலமாரியிலோ, அவர் உறுப்பினராயுள்ள சங்கத்தின் ஆண்டுப் பொதுக்கூட்ட அறிவிப்பு உறை பிரிக்கப்படாமல் கிடக்கிறது.